என் துண்டறிக்கையில் இன்னொருவருடைய அப்பா

ஓட்டுக்காக என் அப்பாவை மறைத்தேன். நண்பன் டேனியலின் அப்பாவை என் அப்பா ஆக்கிக்கொண்டேன்.

என் அப்பா ரங்கூனின் கியாக்டடா பகுதியில் ஒரு கம்பெனியின் ஹெட் கிளார்க். அதே ஊரின் அலோன் துறைமுகத்தில் அரிசி மூட்டை சுமந்தவர் டேனியலின் அப்பா சவரிமுத்து. துறைமுகத்தில் எல்லோருக்கும் அவர் ஊ சவரி. 'ஊ' என்றால் பர்மியரின் 'ஐயா'. இங்கிலாந்தின் ஓர் ஆலை நகரத்தில் கவுன்சிலர் தேர்தலுக்கு நின்றபோது, 'மூட்டை சுமந்தவரின் மகன்' என்று துண்டறிக்கை அடித்தேன். ஆலைக்காரர்கள் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். ஜெயித்தேன்.

வேலையை ஒழுங்காகத்தான் செய்தேன். சனிக்கிழமை காலைகளில் 'சர்ஜரி' நடத்துவோம். வைத்தியம் அல்ல, குறை கேட்பது. ஒழுகும் கூரை, எரியாத தெருவிளக்கு, அடைத்த சாக்கடை. அந்த வேலையே என்னை எம்.பி. ஆக்கியிருக்கும். எனக்கு அந்த நம்பிக்கை இல்லை. எம்.பி. தேர்தலுக்கும் அதே துண்டறிக்கையை அடித்து ஜெயித்தேன். நாடாளுமன்றக் கன்னிப் பேச்சிலும் மூட்டை சுமந்த சவரிமுத்துவின் முதுகைத்தான் என் அப்பாவின் முதுகென்று காட்டினேன்.

அடுத்த விடுமுறைக்கு ரங்கூன் வந்தேன். அலோன் டீக்கடையில் டேனியல் உட்கார்ந்திருந்தான். பேச்சை ஃபேஸ்புக்கில் பார்த்திருந்தான்.

"வாங்க எம்.பி. சார். உங்கப்பா எப்ப மூட்டை தூக்குனாரு? அவரு குடையையே பியூன்தானே தூக்கிட்டு வருவான்!"

பக்கத்து மேசையில் சிரித்தார்கள். மன்னிப்புக் கேட்டேன்.

"இங்க கேட்டு என்னடா பிரயோஜனம்? எங்கப்பா செத்தப்ப துறைமுக ஆபீஸ்லருந்து ஒரு ஆள் வரல. நீ பேரே சொல்லாம அவரத் தூக்கிட்டுப் போயிட்ட. எங்க பொய் சொன்னியோ அங்கயே நின்னு அவரு பேரச் சொல்லு. அதுவரைக்கும் இந்தப் பக்கம் வராத."

லண்டன் திரும்பி, அவையில் உண்மையைச் சொல்லப் போவதாகக் கட்சிக் கொறடாவிடம் சொன்னேன். "யாருமே கேக்கல. தேர்தல் நேரத்துல நீங்களே ஏன் குழி வெட்டுறீங்க?" என்றார்.

அவையில் சொன்னது தவறானால் எழுந்து திருத்தலாம். பழைய பேச்சு பதிவிலிருந்து அழியாது. திருத்தமும் சேர்ந்து நிற்கும். எழுந்தேன். "மூட்டை சுமந்தவர் என் தந்தை அல்லர். அவர் பெயர் சவரிமுத்து, அலோன் துறைமுகத் தொழிலாளி. என் தந்தை குமாஸ்தா. நான் பொய் சொன்னேன்." எதிர்வரிசை ஊளையிட்டது.

பிறகு வீடு வீடாக ஓட்டுக் கேட்டுப் போனேன். ஒரு கிழவி கதவைத் திறந்து, "பொய்யன் வந்திருக்கான்!" என்று உள்ளே குரல் கொடுத்தாள். பிறகு என்னிடம், "என் கூரைய நீதான சரி பண்ணிக் குடுத்த? உங்கப்பா ராஜாவா இருந்தா எனக்கென்ன? குளிருது, நோட்டீஸக் குடு" என்றாள். முன்பைவிடக் கூடுதல் ஓட்டு வித்தியாசத்தில் ஜெயித்தேன். இளம் கவுன்சிலர்களுக்கு நான் சொல்வது இதுதான்: பிறந்த கதையை விடுங்கள், செய்த வேலையைச் சொல்லி ஓட்டுக் கேளுங்கள்.

மறுபடி அலோன் போனேன். டேனியல் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. இளவயதில் சவரிமுத்துவோடு மூட்டை சுமந்த கிழவர்கள் அவனுடைய போனைச் சுற்றி நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார்கள். ஓடியது என் திருத்தம். அந்தப் பெயர் வந்ததும் ஒருவர் மேசையை ஓங்கித் தட்டினார்.

"கேட்டீங்களாய்யா, லண்டன் சபையில நம்ம ஊ சவரி! திருப்பிப் போடு, திருப்பிப் போடு!"

திருப்பித் திருப்பிப் போட்டார்கள். நாலாவது தடவையோ ஐந்தாவதோ, டேனியல் ஒரு முக்காலியைக் காலால் என் பக்கம் தள்ளினான்.