மீன் வைத்துத் தந்த முகம்

கொரியாப் படங்களில் அந்த நடிகர் ஒருநாளும் கதாநாயகனாக வந்ததில்லை. முதலில் கதாநாயகனின் கூட்டாளி, பிறகு சோற்றுக்கடைக்காரர், பிறகு வாப்பா. தலை நரைக்க நரைக்க வேடம் மாறியது, முகம் மாறவில்லை. கொரியாவில் இரும்புப் பட்டறை விடுதியில் படுத்தபடி, அவர் வருகிற படங்களாகத் தேடிப் பார்ப்பேன். பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவன் நான். அந்த மொழியை அவர் வாயிலிருந்துதான் பிடித்தேன். எதற்கெடுத்தாலும் பயப்படுகிற எனக்கு, அவர் திரையில் வந்துவிட்டால் இனி யாருக்கும் ஒன்றும் ஆகாது என்றிருக்கும்.

எங்கள் மேற்பார்வையாளருக்கும் அதே முகம். பட்டறை விருந்தில் மற்றவர்கள் பன்றி இறைச்சி சுட, எனக்கென்று மீன் வரவழைத்தார். முள் எடுத்து என் சோற்றின்மேல் வைத்தார். படங்களில் அந்த நடிகர் செய்வதும் அதுதான். எங்கள் ஊர்க் கலியாணங்களில் ஒரு சஹனைச் சுற்றி இருந்து, அந்தப் பெரிய தட்டில் ஒன்றாகக் கைவைத்துச் சாப்பிடுவோம். கூட இருந்து தின்றவனைச் சந்தேகிப்பது வழக்கமில்லை. அந்த மீனையும் நான் சஹன் சோறாகவே எடுத்துக்கொண்டேன்.

விசா முடிய இருந்தது. முதலாளி என்னை மறுபடி வேண்டுமென்று எழுதிக் கேட்டால்தான் திரும்ப வரலாம்.

"நீ யோசிக்காத. முதலாளிட்ட நான் கதைச்சிட்டன்" என்றார் மேற்பார்வையாளர்.

முதலாளியிடம் நானே போய்க் கேட்டால் அவரை நம்பாததுபோல் ஆகிவிடும் என்று போகவில்லை. வாழ்க்கையில் நான் யோசிக்காமல் விட்டது அது ஒன்றைத்தான்.

எங்கள் ஊர் சாய்ந்தமருதுக்கு வந்து, கூரை போடாத வீட்டில் இருந்தபடி அழைப்புக்காகக் காத்திருந்தேன். அவர் போனை எடுக்கவில்லை. கடைசியில் கூட வேலை செய்த நேபாளக்காரன் சொன்னான்: எனக்குத் திரும்பி வர விருப்பமில்லை என்று முதலாளியிடம் சொன்னதே அவர்தானாம். என் இடத்தில் இப்போது அவருடைய ஆள்.

மனைவி கேட்டாள்: "இஞ்ச, ஊருல செவுளத் தூக்கிப் பாக்காம ஒரு மீன் வாங்க மாட்டீங்க. அங்க போய் மீன் தீத்தினவன அப்பிடியே நம்பினீங்களா?"

"ஓம்" என்றேன்.

போன கிழமை தொலைக்காட்சியில் தமிழ் பேசவைத்த கொரியாப் படமொன்று. அந்த நடிகர் நன்றாகக் கிழடாகியிருந்தார். மருமகனின் சோற்றில் மீனை வைத்தார்.

"தின்னாத" என்றேன்.

"என்ன சென்னீங்க?"

"ஒண்டுமில்ல."

அவள் என்னைப் பார்த்துவிட்டுச் சத்தத்தைக் குறைத்தாள். படம் முடியும்வரை காத்திருந்தேன். அவர் யாருக்கும் ஒரு துரோகமும் செய்யவில்லை. அதற்கும் எனக்குக் கோபம்தான் வந்தது.