ஹெட்நோட்டோடு நின்ற தீர்ப்பு

சட்டச் சஞ்சிகையைக் கண்டால் இன்றும் எனக்குக் குமட்டும். எழுபதுகளில் தூத்துக்குடியில் ஒரு சீனியரிடம் ஜூனியர் வக்கீலாக இருந்தேன். மேல்கோர்ட்டுத் தீர்ப்புகளை அச்சிட்டு மாதாமாதம் மதராஸிலிருந்து வரும் சஞ்சிகையில் எங்கள் கேசுக்குத் தோதானதைத் தேடி, காகிதத் துண்டு செருகிக் கொடுப்பது என் வேலை. தீர்ப்புக்கு மேலே அதன் சாரத்தை நாலு வரியில் போட்டிருப்பார்கள். ஹெட்நோட் என்போம். அதற்குக் கீழே ஒரு பயலும் படிப்பதில்லை. சீனியர் படிக்கமாட்டார், எதிர்த்தரப்பு படிக்காது, நீதிபதியும் படிக்கமாட்டார். நான் மட்டும் என்ன யோக்கியனா?

கீழவைப்பாரில் ஒரு விதவை. கரையோரத்துத் துண்டு நிலத்தில் முப்பது வருஷமாகக் கருவாடு காயப்போட்டுப் பிழைத்து வந்தாள். அவளைக் காலி பண்ணச் சொல்லி வழக்குப் போட்ட வியாபாரி எங்கள் கட்சிக்காரர். வேலியில்லாத நிலத்தில் எத்தனை வருஷம் காயப்போட்டாலும் அனுபவ பாத்தியதை, அதாவது நெடுநாள் அனுபவித்ததால் வரும் உரிமை, வராது என்று ஒரு ஹெட்நோட் அகப்பட்டது. செருகிக் கொடுத்தேன். சீனியர் கணீரென்று வாசித்தார். நீதிபதி புத்தகத்தை வாங்கி அதே நாலு வரியைப் பார்த்துத் தலையாட்டினார். அவளுடைய வக்கீல் புத்தகத்தைக் கேட்டு வாங்கிக்கூடப் பார்க்கவில்லை. அந்த வாரமே அவள் தோற்றாள்.

பத்து நாள் கழித்து, வேறு கேசுக்காக அதே பக்கத்தைப் புரட்டியவன், வேலையில்லாத குறைக்கு முழுசாகப் படித்தேன். அந்த நாலு வரி தீர்ப்பே இல்லை, அந்தப் பழைய கேசில் தோற்றுப்போன வக்கீலின் வாதம்! அதை ஏற்பதற்கில்லை என்று அடுத்த பக்கத்திலேயே மேல்கோர்ட்டு நீதிபதிகள் தள்ளிவிட்டிருந்தார்கள். சஞ்சிகையில் ஹெட்நோட் எழுதும் எந்தச் சோம்பேறியோ பாதியோடு படிப்பை நிறுத்தி, வாதத்தையே தீர்ப்பென்று மேலே தூக்கிப் போட்டிருக்கிறான்.

சீனியரிடம் காட்டினேன்.

"செயிச்ச கேசக் கிண்டாதல," என்றார்.

"அப்பீலுக்கு இன்னும் நாள் இருக்கு சார்."

"அவ வக்கீலுக்குக் கண்ணு இல்லியா? நீ எந்தப் பக்கத்து வக்கீலுல?" என்று டீயை உறிஞ்சினார். அந்தச் சத்தமே எனக்கு அருவருப்பாக இருந்தது. ஆனாலும் சஞ்சிகையை அலமாரியில் திருப்பி வைத்தேன்.

மறுநாள் கோர்ட்டு வாசலில் அந்தப் பெண் என்னை மறித்தாள்.

"தம்பி, அப்பீலு போட்டும் பிரயோசனமில்லன்னு எங்க வக்கீலு சொல்லுதாரு. புஸ்தகத்துலயே எனக்கு எதிராப் போட்டிருக்காம். நெசமா? நீங்க சொன்னா, மாதா விட்ட வழின்னு எடத்த விட்டுருதேன்."

"ஆமாக்கா," என்றேன். "அப்படித்தான் போட்டிருக்கு."

கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு அவள் பஸ்ஸுக்குப் போனாள். அப்பீல் வரவே இல்லை. த்தூ, என் பிழைப்பும் ஒரு பிழைப்பு.