மாமா புதைத்த வெடிகள்

எங்கள் தெருவில் இரவல் போய்வரும் உருப்படிகளில் என் அப்பாவும் ஒருவர். சங்கத்துப் பெரிய அண்டா கல்யாணங்களுக்குப் போகும், மடக்கு நாற்காலிகள் சாவு வீடுகளுக்குப் போகும், அப்பா கொடியேற்றங்களுக்குப் போவார். ஜனவரியில் பள்ளிக்கூடம், ஆகஸ்டில் ஆட்டோ ஸ்டாண்டு, நவம்பரில் கர்நாடக மாநில நாளான ராஜ்யோத்சவத்துக்குப் பக்கத்துத் தெரு. முதல் நாள் மாலை யாராவது இருவர் வந்து வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, அப்பாவிடம் அல்ல, அம்மாவிடம் கேட்பார்கள். "அக்கா, நாளைக்கு சார் ஃப்ரீயா?"

அம்மா அவருடைய கோட்டை எடுத்து வெயிலில் காயவைப்பாள். அதில் போர்ப் பதக்கத்தை அவள்தான் குத்துவாள். அப்பா குத்தினால் கோணிக்கொள்ளும். அவர் போய் மேடையில் உட்கார்ந்து, மாலையைப் போட்டுக்கொண்டு, உடனே கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, கொடுத்த பாதாம் பாலைக் குடித்துவிட்டுத் திரும்பி வருவார். பேசச் சொன்னால் "ஜெய்ஹிந்த்" என்பார். மறுநாள் அதிகாலையில் வேறொரு சீருடையை மாட்டிக்கொண்டு வைட்ஃபீல்ட் பஸ்ஸைப் பிடிப்பார். அங்கே ஒரு கம்ப்யூட்டர் கம்பெனியின் வாசலில் அவர் செக்யூரிட்டி சூப்பர்வைசர். உள்ளே போகிற கார்களுக்கு சல்யூட் அடிப்பது வேலையின் ஒரு பகுதி.

எழுபத்தொன்றாம் ஆண்டுப் போரில் அவருக்குப் பதக்கம் கிடைத்தது. பாலம் கட்டுவது, பாதை போடுவது, கண்ணிவெடி அகற்றுவது இவையெல்லாம் அவருடைய படைப்பிரிவின் வேலைகள். பதக்கம் எதற்காக என்பதற்கு எங்கள் ஆஸ்டின் டவுனில் மூன்று கதைகள் புழக்கத்தில் இருந்தன. மளிகைக்கடைக்காரர் சொன்ன கதையில், அப்பா கண்ணிவெடி புதைத்த வயலுக்குள் ஓடி, அடிபட்டுக் கிடந்த அதிகாரியைத் தோளில் போட்டுக்கொண்டு திரும்பி ஓடிவந்தார். எங்கள் தலைமையாசிரியர் கதையில் அதிகாரிகள் இருவர். ஆட்டோ ஸ்டாண்டுக் கதையில் அப்பாவின் முதுகுக்குப் பின்னால் வெடிகள் வரிசையாக வெடித்துக்கொண்டே வந்தன. மற்றவற்றில் எப்படியோ, ஒரு விஷயத்தில் மூன்றும் ஒத்துப்போயின: அப்பா ஓடினார். நான் இப்போது செய்தித்தாளில் வேலை பார்க்கிறேன். மூன்று பேர் ஒரே மாதிரி சொன்னால் நாங்களும் அதைப் போட்டுவிடுகிறோம்.

அப்பா எந்தக் கதையையும் சொன்னதில்லை, எதையும் மறுத்ததும் இல்லை. மிகவும் நெருக்கிக் கேட்டால் "கண்ணிவெடி எடுத்தோம்" என்பார், செடியிலிருந்து தக்காளி எடுத்த மாதிரி.

கார்கில் சண்டை நடந்த வருடம் அப்பாவுக்குக் கிராக்கி ஏறியது. எனக்கு அப்போது பத்து வயது. டிவியில் மலைகளையும் பீரங்கிகளையும் பார்த்துவிட்டு, இதுவரை எங்கள் வீட்டு வழியே தெரியாதவர்களெல்லாம் சார் ஃப்ரீயா என்று கேட்டு வந்தார்கள். பிள்ளையார் சதுர்த்தி நெருங்கியதும் பெங்களூரின் பாதித் தெருக்கள் விநாயகர் கையில் துப்பாக்கியைக் கொடுத்திருந்தன. எங்கள் தெரு மட்டும் பின்தங்கக் கூடாது என்று என் மாமா நினைத்தார்.

மாமா, அம்மாவின் தம்பி. பீன்யா தொழிற்பேட்டையில் ஸ்பிரிங் செய்கிற ஒரு பட்டறையில் வேலை. எங்கள் வீட்டில் சாப்பாடு. அக்கா புருஷன் என்பதால் அப்பாவை அவர் மாமா என்று அழைப்பார், நான் அவரை மாமா என்று அழைப்பேன். தெருப் பிள்ளையார் கமிட்டிக்கு அவர்தான் செயலாளர்.

"எல்லாரும் பொம்மை வெக்கிறான்," என்றார் மாமா, சோற்றைப் பிசைந்தபடி. "நம்ம கிட்ட ஒரிஜினல் ஆளே இருக்கு."

அவருடைய திட்டம் இது. பந்தலுக்கு எதிரே தெருவின் அகலத்துக்கு மணலைக் கொட்டிப் பரப்புவது. அதற்குள் தகர டப்பாக்களைப் புதைப்பது. டப்பாவுக்குள் பட்டறையிலிருந்து கொண்டுவந்த ஸ்பிரிங். அதன்மேல் நிறைய சாக்பீஸ் பொடி. மிதித்தால் மூடி தெறித்து, ஆள் உயரத்துக்குப் புகை மாதிரி பொடி கிளம்பும். அடுத்த முனையில் அடிபட்ட அதிகாரி படுத்திருப்பார். அப்பா ஓடிப்போய்த் தூக்கிக்கொண்டு ஓடிவர வேண்டும். தூக்குவதற்கு லேசான அதிகாரி தேவைப்பட்டதால், பெண்ணாக இருந்தாலும் பரவாயில்லை என்று என்னைத் தேர்ந்தெடுத்தார்கள்.

மேடையில் உட்காருவதைத் தவிர வேறு எதற்கும் அப்பா ஒத்துக்கொள்ளமாட்டார் என்று அம்மா சொன்னாள். அவரைச் சம்மதிக்கவைத்தது நான்தான். அதற்கு எனக்கு ஒரு காரணம் இருந்தது. காரணத்தின் பெயர் ரேகா. என் வகுப்பு. அவளுடைய அப்பா அந்தக் கம்ப்யூட்டர் கம்பெனியில் மேனேஜர். ஒரு நாள் சாப்பாட்டு நேரத்தில் பெண்கள் எல்லாரும் இருக்கும்போது அவள் சொன்னாள்: "உங்கப்பா தெனம் எங்கப்பாவுக்கு சல்யூட் அடிக்கறார். எங்கப்பா திருப்பி அடிக்கறதே இல்ல, தெரியுமா?"

தயிர்சாத டப்பாவை மூடினேன். "பிள்ளையார் சதுர்த்திக்கு எங்க தெருவுக்கு வா," என்றேன். "எங்கப்பா யாருன்னு தெரியும்."

"வரேன். எங்கப்பாவையும் கூட்டிட்டு வரேன்."

அன்று இரவே அப்பாவிடம் கேட்டேன். ஏன் என்று சொல்லவில்லை. அவர் ஷூவுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தார். ஒன்றைப் பளபளக்கவைத்து முடித்தார். பிறகு மாமாவைப் பார்த்து, "மண்ணுக்குள்ள எங்கெங்க வெக்கப்போறே?" என்றார்.

"அத சொல்லிட்டா அப்புறம் இன்னா இருக்கு மாமா? நீங்க ஓடுனா போதும். மீதிய மண்ணு பாத்துக்கும்."

அப்பா மற்றொரு ஷூவை எடுத்துக்கொண்டார். "சரி" என்றாரா, "ம்" என்றாரா என்பது இப்போது நிச்சயமில்லை. நாங்கள் அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டோம்.

சதுர்த்தி மாலை தெரு நிறைந்திருந்தது. முன்வரிசையில் கார்ப்பரேட்டர், அவருக்குப் பக்கத்தில் ரேகாவின் அப்பா, பிளாஸ்டிக் நாற்காலியின் நுனியில். ரேகா புது பாவாடை. என்னைச் சுவர் ஓரமாகவே தூக்கிக்கொண்டுபோய் மணலின் கோடியில் கிடத்தியிருந்தார்கள். தலையில் கட்டு, கட்டின்மேல் குங்குமக் கரைசல். நகரக் கூடாது என்று மாமாவின் உத்தரவு. ஒரு கண்ணை மட்டும் திறந்துவைத்துக்கொண்டேன்.

டேப் ரெக்கார்டரில் துப்பாக்கிச் சத்தம் தொடங்கியது. மைக்கில் கமிட்டிப் பையன் ஒருவன் தமிழிலும் கன்னடத்திலும் மாறி மாறிக் கத்தினான். "இதோ வருகிறார், பாருங்கள் சாமி! நோடி ஸ்வாமி, நம்ம ஏரியா ஹீரோ!"

அப்பா வந்தார். மணலின் விளிம்பில் நின்றார். கோட்டைக் கழற்றி, மடித்து, முன்வரிசை ஓரத்தில் இருந்த அம்மாவிடம் கொடுத்தார். பதக்கம் கோட்டோடு போய்விட்டது. ரேகா அதைப் பார்த்தாளா என்று எனக்குத் தெரியவில்லை. என் முதல் கவலை அதுதான். பிறகு சட்டைக் கையை மேலே சுருட்டிவிட்டு, பந்தலில் கட்டியிருந்த ஒரு மூங்கில் குச்சியை உருவி, நுனியைச் சீவி, மண்டியிட்டார்.

ஓடவில்லை.

குச்சியைச் சாய்வாக மணலுக்குள் மெதுவாகச் செருகினார். எடுத்தார். ஒரு விரல் அளவு தள்ளி மறுபடி செருகினார். கையால் தடவிப் பார்த்தார். அப்படியே ஒரு ஆள் அகலத்துக்குப் பார்த்து முடித்தபின் முட்டியை ஓர் அடி முன்னால் நகர்த்தினார்.

"ஹீரோ... தயாராகிறார்!" என்றான் மைக் பையன்.

கொஞ்ச தூரத்தில் குச்சி எதிலோ முட்டியது. அப்பா அதைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு கை விரல்களாலும் மணலை விலக்கினார். மாமாவின் முதல் தகர டப்பா வெளியே வந்தது. அதைத் தூங்குகிற குழந்தையைத் தூக்குவதுபோல் தூக்கி, பக்கத்தில் வைத்தார்.

"மாமா! அத்த ஏன் எடுக்குறீங்க? அதுதான் வெடிக்கணும்!" என்று மாமா ஓரத்திலிருந்து கத்தினார்.

அப்பாவுக்குக் கேட்டதாகத் தெரியவில்லை. இரண்டாவது டப்பா வந்தது. மூன்றாவது வந்தபோது கூட்டத்தில் சிரிப்பு எழுந்தது. கேசட்டின் ஒரு பக்கம் முடிந்து துப்பாக்கிகள் ஓய்ந்தன. திருப்பிப் போட்டதில் யாரோ தவறுதலாகப் பதிந்திருந்த பக்திப் பாட்டு வந்தது. மைக் பையன் சொல்ல ஒன்றும் இல்லாமல் நன்கொடை கொடுத்தவர்களின் பெயர்களை வாசிக்கத் தொடங்கினான். கார்ப்பரேட்டர் கைகூப்பிவிட்டு எழுந்து போனார். அடுத்த தெருவில் ஆர்கெஸ்ட்ரா ஆரம்பித்தது. பாதிக் கூட்டம் அந்தப் பக்கம் நகர்ந்தது. மீதியில் பெரும்பகுதி சுண்டல் வரிசைக்குப் போனது.

ரேகாவின் குரல் தெளிவாகக் கேட்டது. "உங்கப்பா இன்னாத்த தேடறார்? எதுனா தொலைச்சிட்டாரா?"

அவள் அப்பா "ஷ்" என்றார். ஆனால் அவரும் வாட்சைப் பார்த்தார்.

அப்பா என்னிடம் வந்துசேர்ந்தபோது தெருவிளக்குகள் எரிய ஆரம்பித்திருந்தன. சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. இப்போதாவது தூக்குவார், தோளில் போட்டுக்கொண்டு ஒரு நாலடியாவது ஓடுவார் என்று கையை விறைப்பாக வைத்துக்கொண்டு காத்திருந்தேன். அவர் என்னைச் சுற்றி மணலைக் குத்திப் பார்த்தார். என் முதுகுக்கு அடியில்கூடக் கைவிட்டுப் பார்த்தார். பிறகு மெல்லிய குரலில் சொன்னார்:

"எழுந்திரு. நான் முட்டி வெச்ச எடத்துல மட்டும் கால வெச்சி என் பின்னாடியே வா. அவசரமே இல்ல."

அவசரமே இல்லை என்றதுதான் என்னால் தாங்க முடியாமல் போனது. எழுந்து, தலைக்கட்டைப் பிடுங்கி எறிந்துவிட்டு, அம்மா இருந்த பக்கம் மணலுக்குக் குறுக்காக ஓடினேன்.

பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. அப்பாவின் குரல் என்று சொல்லமுடியாத அளவுக்கு உரக்க.

"ஏழுமலை! ஓடாதடா! நில்லு!"

அதே நொடியில் என் காலடியில் ஏதோ உதைத்தது. மூடி தெறித்து, வெள்ளைப் பொடி என் தலைக்கு மேல் எழும்பிக் கொட்டியது. அன்றைய நிகழ்ச்சியில் வெடித்தது அது ஒன்றுதான். மிச்சமிருந்தவர்கள் கைதட்டினார்கள், யாரோ விசில் அடித்தார்கள். "வெடிச்சிருச்சு! சொன்னேன்ல!" என்று மாமா துள்ளினார். நான் மணலுக்கு வெளியே வந்து, ஆள் முழுக்க வெள்ளையாக, அழுவதா சிரிப்பதா என்று தெரியாமல் நின்றேன்.

அது என் பெயர் இல்லை. எங்கள் தெருவில் இஸ்திரி போடுகிறவரின் பெயர் ஏழுமலை. அவர் சுண்டல் வரிசையை விட்டு முன்னால் வந்து, "கூப்ட்டீங்களா சார்?" என்றார்.

அப்பா மணலின் கோடியில் மண்டியிட்டபடி அவரையே பார்த்தார். கொஞ்சம் அதிக நேரம் பார்த்தார் என்று நினைக்கிறேன். "இல்ல" என்றார்.

நான் அவர் ஓடிவருவார் என்று நினைத்தேன். இப்போதும் வரவில்லை. தான் துப்புரவாக்கிய தடத்திலேயே திரும்பி, முட்டியைப் பழைய முட்டித் தடத்தில் வைத்து வைத்து, மணலைத் தாண்டிச் சுற்றிக்கொண்டு வந்தார். என் முன்னால் உட்கார்ந்து என் இரண்டு பாதங்களையும் கைகளால் பற்றினார். குதிகாலிலிருந்து விரல்வரை அழுத்திப் பார்த்தார். கணுக்காலைப் பார்த்தார். முழங்கால்வரை தடவிக்கொண்டு போனார், மறுபடி பாதத்துக்கு வந்தார். ரேகாவும் அவளுடைய அப்பாவும் கிளம்ப எழுந்தவர்கள் அப்படியே நின்றுகொண்டிருந்தார்கள்.

"வுடுப்பா," என்றேன். "எல்லாரும் பாக்கறாங்க."

அம்மா கோட்டை அப்பாவின் தோளில் போர்த்தி, "வாங்க, வூட்டுக்குப் போலாம்," என்றாள். அவர் வீட்டுக்குப் போகவில்லை. எல்லாரும் சாப்பிடப் போனபின் மாமாவையும் குச்சியையும் கூட்டிக்கொண்டு மணலுக்குத் திரும்பி, கடைசி டப்பாவரை எடுத்துவிட்டுத்தான் வந்தார். அவ்வளவு நல்ல ஸ்பிரிங்குகள் வீணாகிவிட்டன என்று மாமா பல மாதங்கள் சொல்லிக்கொண்டிருந்தார். அதற்குப் பிறகும் அப்பாவைக் கொடியேற்றத்துக்கு அழைத்தார்கள். கமிட்டி மட்டும் கேட்கவில்லை.

படுக்கும்போது அம்மாவிடம், அப்பா ஏன் இஸ்திரிக்காரரைத் திட்டினார் என்று கேட்டேன்.

அம்மா என் காதுக்குள் இருந்த பொடியைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தாள். "அது அவர் இல்ல. உங்கப்பாகூட பட்டாளத்துல இருந்த பையன். அவனும் ஏழுமலைதான்."

"அவர் இன்னா செஞ்சார்?"

"அவனுக்கும் உன்னாட்டமே பொறுமை கெடையாது. குறுக்கால ஓடினான்," என்றாள்.

என்னைத்தான் குத்திக்காட்டுகிறாள் என்று எண்ணிச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டேன்.

லீவு முடிந்து பள்ளிக்கூடம் திறந்த அன்று சாப்பாட்டு மணி அடிப்பதற்காகவே ரேகா காத்திருந்தாள். பெண்கள் எல்லாரும் டிபன் பாக்ஸைத் திறந்தபின் கேட்டாள்: "உங்கப்பா ஏண்டி உன் காலப் புடிச்சார்?"

"பொடி ஒட்டியிருந்துச்சு," என்றேன். "தட்டிவுட்டார்."

அவளைச் சமாளிப்பதற்காகச் சொன்னதல்ல. நான் அப்படித்தான் நினைத்திருந்தேன்.