இசை: செல்வராசா

தொலைக்காட்சி நிலையத்தின் விதி தெளிவாக இருக்கிறது. படத்தின் முடிவில் வரும் பெயர்களில் பிழை இருந்தால், ஒளிபரப்புக்குப் பத்து வேலைநாட்களுக்கு முன்னர் எழுத்தில் அறிவிக்க வேண்டும். ஐந்து வேலைநாட்களுக்குள் பதில் தரப்படும்.

நான் பன்னிரண்டு வேலைநாட்கள் இருக்கும்போதே அறிவித்தேன். பதில்...?

என் மகள் நிரோஜா, டென்மார்க்கில், இக்காஸ்ட் என்ற ஊரில் எங்கள் வீட்டு நிலவறையில் இருந்துகொண்டு ஜேர்மன் தொலைக்காட்சிப் படங்களுக்கு இசையமைக்கிறாள். இதுவரை மற்றவர்களுக்கு உதவியாளர். தனியாகச் செய்த முதல் படம் இது. திரையில் அவள் பெயர் வந்தால்தான் அடுத்த படத்துக்குக் கூப்பிடுவார்கள்.

கடைசிக் காட்சியின் இசையை மூன்றாம் தடவை மாற்றிக்கொண்டிருந்தாள். "டைரக்டருக்குச் சோகம் வேணுமாம், ஆனா ஒருத்தரும் அழக்கூடாதாம்." அந்த எரிச்சலில், படத்தின் முடிவில் போடும் பெயர்களுக்கான படிவத்தை என்னிடம் நீட்டினாள். "அப்பா, இதை நிரப்பி அனுப்பிவிடுங்கோ."

கொம்யூன் என்ற நகரசபை அலுவலகத்தில் முப்பது வருடம் இருந்தவன் நான். பக்கத்து நகரமான ஹேர்னிங்கில் இருந்துகூடத் தமிழ்க் குடும்பங்கள் படிவங்களோடு என் சாப்பாட்டு மேசைக்கு வரும். பெருமையாக நிரப்பினேன்.

பள்ளிக்கூடம், பல் வைத்தியம், நீச்சல் வகுப்பு — பிள்ளைக்காக எத்தனை படிவங்கள்! எல்லாவற்றிலும் முதல் பெட்டியில் தகப்பன் செல்வராசா, இரண்டாவதில் பிள்ளை. கை பழக்கத்தில் ஓடிவிட்டது.

இந்தப் படிவத்தில் முதல் பெட்டி, இசையமைப்பாளர். இரண்டாவது, உதவியாளர்.

அனுப்பிய பிறகுதான் பிரதியை வாசித்தேன். அன்றே திருத்தக் கடிதம் போனது. மகளிடம் சொல்லவில்லை. எப்படிச் சொல்வது?

"என்னப்பா, எந்த நேரமும் போனைப் பாக்கிறியள்?"

"மழை வருமோ எண்டு..."

எந்நாளும் மழை பெய்கிற டென்மார்க்கில் இதற்குப் போன் எதற்கு?

ஒளிபரப்புக்கு மூன்று நாள் இருக்கையில் தாங்க முடியாமல் சொல்லிவிட்டேன். முதலில் டேனிஷில் ஒரு சொல் சொன்னாள். அச்சிட முடியாது. பிறகு தமிழுக்கு வந்தாள்.

"ஒரு நோட்ஸும் எழுதாமலே மியூசிக் டைரக்டர் ஆயிட்டியள். வாழ்த்துக்கள்!"

"விதிப்படி கடிதம் போட்டிருக்கிறன் பிள்ளை..."

"போன் எடுத்துக் கேட்டியளோ?"

போனா? விதியில் அது இல்லையே!

அவள் ஹம்பேர்க்கில் இருக்கும் படத்தொகுப்பாளரை அழைத்தாள். இரண்டு நிமிடம். "செய்து பாக்கிறாராம். உறுதி சொல்லேலாதாம்."

ஞாயிறு மாலை. மனைவி செபமாலையோடு தொலைக்காட்சி முன் அமர்ந்தாள். "மாதாவே, இந்த மனுசன்ர பேர் மட்டும் வரக்கூடாது."

படம் முடிந்தது. தொலைக்காட்சிக்காரர்கள் பெயர்களை ஒரு மூலைக்குள் அடக்கி, துரத்துவதுபோல் ஓடவிடுகிறார்கள். நிரோஜா ரிமோட்டை அழுத்தினாள். திரை உறைந்தது.

இசை: நிரோஜா செல்வராசா.

மூச்சு விட்டேன். அவள் திரையை விட்டுக் கண் எடுக்காமலே சொன்னாள்: "அடுத்த படத்துக்கும் ஃபோர்ம் வரும். தொடக்கூடாது."

என் கடிதத்துக்கும் பதில் வராமல் இல்லை. திருத்தத்தைப் பரிசீலிக்கிறார்களாம். வந்த நாள்: ஒளிபரப்புக்கு மறுநாள், திங்கட்கிழமை.