தொண்ணூற்றொன்பதில் நிற்கிறவர்

எனக்குக் கணக்குப் பிடிக்கும் என்று சொன்னால் அது பாதி உண்மை. எது வீணாகப் போனாலும் எனக்குக் கோபம் வரும், அதுதான் முழு உண்மை. நாமக்கல்லில் ஒரு கோழித் தீவன ஆலையில் கலவை போடுவது என் வேலை. மக்காச்சோளம் இத்தனை, சோயாப் புண்ணாக்கு இத்தனை, கிளிஞ்சல் இத்தனை என்று நான் எழுதிக் கொடுப்பதைத்தான் கோழிகள் தின்னும். தின்பதில் எவ்வளவு முட்டையாகிறது, எவ்வளவு வெறும் எச்சமாகிறது என்று பார்த்துப் பார்த்து எனக்கு அதே புத்தியாகிவிட்டது. இப்படிப்பட்ட ஒருத்தியிடம் போய் என் அண்ணன் ஒரு வீடியோ கேமைக் கொண்டுவந்து கொடுத்தார்.

அண்ணன் என்னைவிடப் பதினோரு வயது மூத்தவர். திருச்செங்கோட்டு ரிக் வண்டி ஒன்றில் டிரைவர். ரிக் என்பது தண்ணீருக்குப் போர் போடுகிற லாரி. அதன் பின்னாலேயே குழாய், டீசல், சட்டி பானை எல்லாம் ஏற்றிக்கொண்டு ஒரு துணை லாரி போகும், அதை ஓட்டுவது அவர். வருஷத்தில் எட்டு மாதம் வடக்கே எங்கேயாவது காய்ந்த பூமியில் கிடப்பார். மழைக்காலம் வந்தால் வண்டி ஊர் திரும்பும், அவரும் திரும்புவார். அந்த நாலு மாதம்தான் நாங்கள் விளையாடியது. அவர் ஊரில் அவர் வீட்டில், நான் நாமக்கல்லில் என் வாடகை வீட்டில்.

கேம் பெரிய ரகசியம் ஒன்றும் இல்லை. கோடரி வைத்திருக்கும் ஓர் ஆள். எலும்புக்கூடுகளையும் பிசாசுகளையும் வெட்டிக்கொண்டே போக வேண்டும். வெட்ட வெட்ட அனுபவம் ஏறும், நிரம்பினால் அடுத்த லெவல். மொத்தம் நூறு. கதை பாதியிலேயே முடிந்துவிடும், அதற்குப் பிறகு மேப்தான். ஒவ்வொரு மேப்பும் தனித்தனி இடம், திறந்து உள்ளே போய்த் துடைத்துவிட்டு வெளியே வர வேண்டும். தொண்ணூறுக்கு மேல் ஒரு சட்டம் உண்டு. ஒரு தடவை செத்தால், அந்த லெவலுக்கு வேண்டியதில் பத்தில் ஒரு பங்கு போய்விடும். பத்தில் ஒரு பங்கு என்றால் எங்களுக்கு ஒரு முழு ஞாயிற்றுக்கிழமை.

அண்ணனுக்கு வெட்டத் தெரியும், யோசிக்கத் தெரியாது. ஒவ்வொரு மேப்பிலும் மூலை முடுக்கெல்லாம் சுற்றுவார். ஒன்றுக்கும் ஆகாத செருப்பைப் பொறுக்கிக்கொண்டு வந்து காட்டுவார். அருவி விழுகிற மேப் ஒன்று இருந்தது, அதில் வெட்டுவதற்கு ஆளே கிடையாது. ஆனால் அதைத்தான் திரும்பத் திரும்பத் திறப்பார். "தண்ணி எப்படிக் கொட்டுது பாரு சாமி, ஆயிரம் அடி போட்டாலும் நமக்கு இப்படி வராது" என்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அருவியைப் பார்க்கவா இவ்வளவு தூரம் வந்தோம்?

கட்டம் போட்ட நோட்டு ஒன்றை எடுத்தேன். எந்த மேப்பில் கூட்டம் அதிகம், எதில் நடை குறைவு, கடைசியில் நிற்கிற ராட்சசனோடு சண்டை போட்டால் எத்தனை நிமிடம் நஷ்டம், எல்லாம் எழுதினேன். ராட்சசனைத் தடை செய்தேன். அருவியைத் தடை செய்தேன். என் ஆள் அவருக்குப் பின்னாலேயே வந்து அடி படாமல் காப்பு போட்டுக்கொண்டிருக்க வேண்டும், அவர் வெட்ட வேண்டும். பேச்சு கிடையாது. அவருடைய பாஸ்வேர்டும் என்னிடம்தான் இருந்தது, வாரநாளில் அவர் ஆளுக்குக் கவசம் மாற்றிவிடுவது நான்தான். அண்ணன் அந்த நோட்டுக்கு ஜாதகம் என்று பேர் வைத்தார். விளையாட உட்கார்ந்ததும், "ஜாதகத்துல இன்னைக்குச் சாவு இருக்குதுங்களா?" என்று கேட்பார். "இல்லீங்க அண்ணா" என்பேன். சிரிப்போம்.

அந்த ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வண்டி வடக்கே புறப்பட வேண்டும். இரவெல்லாம் ஓட்ட வேண்டியது அவர். காலையிலிருந்து விளையாடினோம். பகல் ஒரு மணிக்கு அவர் தொண்ணூற்றெட்டில் இருந்தார், தொண்ணூற்றொன்பதுக்கு இன்னும் இருபதில் ஒரு பங்கு பாக்கி.

மைக்கில் பேசினால் வீட்டில் கேட்கும் என்று அன்றைக்கு எழுதித்தான் பேசிக்கொண்டிருந்தோம். ஆங்கில எழுத்தில் தமிழ். "தூக்கம் சொக்குது சாமி. போயிப் படுத்துக்கறேன்" என்று எழுதினார்.

நான் எழுதினேன்: "இப்ப உட்டா எட்டு மாசம் ஆகுமுங்க. இன்னும் இருபத்தாறு மேப்தான்."

அவருடைய ஆள் சும்மா நின்றான். இந்தக் கேமில் சும்மா விட்டால் ஆள் ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறி நின்று, தோளுக்கு மேல் ஒரு தடவை திரும்பிப் பார்ப்பான். அப்படிப் பார்த்தான். அப்புறம் நடந்துபோய் அடுத்த மேப்பைத் திறந்தான்.

நாலு நாற்பதுக்குத் தொண்ணூற்றொன்பது வந்தது. அவரைச் சுற்றி மஞ்சள் வெளிச்சம் எழும்பி அடங்கியது. "வாரேன்" என்று எழுதினார். எங்கள் பக்கம் யாரும் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போக மாட்டார்கள். வருகிறவரும் வாரேன், போகிறவரும் வாரேன். நான் பதில் எழுதவில்லை. நோட்டில் நேரத்தைக் குறித்துக்கொண்டிருந்தேன். என் கையெழுத்தில் இன்றைக்கும் இருக்கிறது: 4.40, 99.

மறுநாள் காலை ஆலையில் சோளத்தின் ஈரம் பார்த்துக்கொண்டிருந்தபோது போன் வந்தது. விடியும் நேரத்தில், ஓரமாக நின்றிருந்த ஒரு லாரியின் பின்னால் அண்ணன் வண்டியைக் கொண்டுபோய் மோதிவிட்டார். அவர் மட்டும்தான் போனார்.

இழவு வீட்டில் ஆண்கள் வெளியே நாற்காலி போட்டுப் பேசிக்கொண்டிருந்தார்கள். நின்ற வண்டியில் போய் இடித்திருக்கிறான் என்றால் கண் அசந்திருக்கும் என்று ஒருவர் சொன்னது உள்ளே கேட்டது. என் நங்கையாவுக்கும் கேட்டது. அண்ணன் பெண்டாட்டியை நாங்கள் நங்கையா என்றுதான் கூப்பிடுவோம். அவர் அழுகையை நிறுத்திவிட்டு எழுந்து வாசலுக்குப் போனார்.

"ஒரு மணிக்குச் சோறு தின்னுட்டுப் படுத்தவரு, அஞ்சு மணிக்குத்தானுங்க எந்திரிச்சாரு. நல்லாத் தூங்கித்தானுங்க போனாரு. அவரு மேல தப்பு சொல்லாதீங்க" என்றார்.

அதற்குப் பிறகு துக்கம் கேட்க வந்த ஒவ்வொருவரிடமும் நங்கையா அதையே சொன்னார். நல்லாத் தூங்கித்தான் போனாரு. நான் அவர் பக்கத்தில் உட்கார்ந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். அண்ணன் தூங்கவில்லை என்பது உலகத்திலேயே எனக்கு ஒருத்திக்குத்தான் தெரியும்.

காரியமெல்லாம் முடிந்த பிறகு ஒரு விடிகாலை, அவருடைய பேரில் கேமைத் திறந்தேன். எதற்கு என்று அப்போது தெரியாது. விட்ட இடத்திலேயே நின்றிருந்தார். ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறினார். தோளுக்கு மேல் திரும்பிப் பார்த்தார். சட்டென்று மூடிவிட்டேன்.

ஆனால் மறுநாளும் திறந்தேன். நூறு ஆக்கிவிடலாம், அவர் ஆசைப்பட்டது அதுதானே என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது பொய். ஆசைப்பட்டது நான். அவர் ஆசைப்பட்டது அருவி. தினமும் ஆலைக்குப் போகுமுன் இரண்டு மணி நேரம், நோட்டில் இருந்தபடி, ஒரு அடி வீணாக்காமல் வெட்டினேன். மேப்புக்குள் நுழையும் முன் ஆளை இரண்டு சுற்றுச் சுற்றவிடுவது அண்ணனின் பழக்கம், வெறும் நேர விரயம் என்று நான் திட்டியிருக்கிறேன். ஒரு நாள் பார்த்தால் என் கை அதைச் செய்துகொண்டிருந்தது. நான் செய்யவில்லை, கைதான் செய்தது. இதை யாரிடம் சொல்ல முடியும்?

மூன்று மாதத்தில் தொண்ணூற்றொன்பது அநேகமாக நிரம்பி, நூறு தொடுகிற தூரத்தில் வந்து நின்றது. ஒரே ஒரு மேப் போதும். அன்றைக்கு அந்த மேப்பில் கூட்டத்துக்கு நடுவில் கையை எடுத்துவிட்டேன். அவரை அடித்துக் கொன்றார்கள். பத்தில் ஒரு பங்கு போனது. எனக்கு நிம்மதியாக இருந்தது என்பதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் அதுதான் நடந்தது. நூறு ஆகிவிட்டால் அவரை எழுப்பி வைத்திருக்க எனக்குக் காரணமில்லை. அதிலிருந்து அதுவே வழக்கமாகிவிட்டது. வாரமெல்லாம் ஏற்றுவேன், ஞாயிற்றுக்கிழமை சாகவிடுவேன். எதையும் வீணாக்காதவள் நான்.

அப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் நங்கையா சொல்லாமல் வந்து நின்றார். கையில் அண்ணனின் லேப்டாப். "இதுல இருக்கறதையெல்லாம் அழிச்சுக் குடு அம்மிணி. புள்ளைகளுக்குப் படிக்கறதுக்கு ஆகும்" என்றார். கதவைத் திறந்தவள் என் திரையை மூட மறந்துவிட்டேன். கட்டிலில் அது அப்படியே இருந்தது. நங்கையா பார்த்துக்கொண்டிருக்கும்போதே பிசாசுகள் அண்ணன் ஆளைச் சூழ்ந்து கீழே தள்ளின.

"இது உங்க அண்ணனோட ஆளுதானே?"

"ஆமாங்க."

"ஏன் அம்மிணி சாக உட்டே?"

அவர் சாதாரணமாகத்தான் கேட்டார். தரையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். படுக்கப் போகிறேன் என்றவரை நான் விடவில்லை, இருபத்தாறு மேப் என்றேன், அவர் தூங்கவே இல்லை.

நங்கையா அழவில்லை, திட்டவும் இல்லை. "எத்தன மணி வரைக்கும்?" என்று கேட்டார்.

நோட்டை எடுத்துக் காட்டினேன். அந்த எண்ணை வெகுநேரம் பார்த்தார்.

"மிக்ஸி போட்டா முழிச்சுக்குவாருன்னு பொறத்தால போயி அம்மில தொவையல் அரச்சேன். புள்ளைக சத்தம் போடுதுன்னு பக்கத்து ஊட்டுக்குத் தொரத்திட்டேன். நாலு தடவ கதவுகிட்ட வந்து பாத்தேன் அம்மிணி. சத்தமே இல்ல. நல்லாத் தூங்கறாருன்னு நெனச்சுக்கிட்டேன்" என்றார். அப்புறம், "எல்லார்த்துகிட்டயும் சொன்னேனே" என்றார்.

லேப்டாப்பை அழிக்கக் கொடுக்கவில்லை. நெஞ்சோடு அணைத்துக்கொண்டு படியிறங்கிப் போய்விட்டார். வாரேன் என்று சொல்லவில்லை.

அதற்குப் பிறகு நான் கூப்பிட்டால் போன் எடுக்கவில்லை. அண்ணன் பேரில் கேமைத் திறக்கவும் எனக்குத் தைரியமில்லை. என் ஆளோடு மட்டும் விடிகாலையில் சும்மா உட்கார்ந்திருப்பேன். நண்பர்கள் பட்டியலில் அவர் பேர் மங்கலாகக் கிடக்கும். ஐந்து வாரம் கழித்து ஒரு நாள் அந்தப் பேருக்குப் பக்கத்தில் பச்சைப் புள்ளி வந்தது.

என் ஆளை அவர் இருந்த இடத்துக்குக் கொண்டுபோனேன். மேப்புக்கு வெளியே, சண்டையே இல்லாத அவருடைய சொந்த இடம் அது. ஓரத்தில் ஓர் ஊற்று ஓடுகிற மாதிரி இருந்ததால் அவர் அதைத் தேர்ந்தெடுத்தார். நான் அங்கே ஒரு நிமிடத்துக்கு மேல் அவரை நிற்கவிட்டதில்லை. ஏனென்றால் அங்கே அனுபவம் ஏறாது. சாவும் கிடையாது. அவர் சுவரைப் பார்த்து நின்றுகொண்டு, வெறும் காற்றில் கோடரியை வீசினார். ஓட்டத் தெரியாத கை என்று தெரிந்தது.

கொஞ்ச நேரத்தில் எழுத்து வந்தது. ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தட்டியிருக்க வேண்டும், அவ்வளவு நேரமானது.

"அம்மிணி, இதுல இவரத் தூங்க வெக்கறது எப்படி?"

இந்தக் கேமில் எனக்குத் தெரியாதது ஒன்றும் இல்லை. எந்தப் பட்டன் எதற்கு என்று எல்லாம் நோட்டில் இருக்கிறது. அதற்கு மட்டும் பட்டன் இல்லை.

"அது இதுல இல்லீங்க நங்கையா" என்று எழுதினேன். பிறகு, "இடது பக்கம் தண்ணி ஓடுது பாருங்க. அங்க தொட்டீங்கன்னா நடந்து போவாரு" என்று எழுதினேன்.

அவர் திரும்பினார். தப்பான பக்கம் நாலடி போய், மறுபடி திரும்பி, ஊற்றோரம் போய் நின்றார். ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறினார்.

"இங்க எத்தன நேரம் நிப்பாரு?"

"நீங்க மூடற வரைக்குமுங்க."

எட்டு மணிக்கு நான் ஆலைக்குக் கிளம்பினேன். நோட்டில் நேரம் எழுதவில்லை. கதவைச் சாத்துமுன் ஒரு தடவை பார்த்தேன், புள்ளி இன்னும் பச்சையாகத்தான் இருந்தது.