அது ஆடலைங்க, ஆத்திரத்துல இருக்கு

குருவி பார்க்கிற உத்தியோகத்தில் முதலில் மரத்துப்போவது கால், அடுத்தது மானம்.

பறவைகளின் நடத்தையை ஆராய்வது என் வேலை. எந்தக் குளத்தில் எத்தனை பறவை என்று எண்ணுகிறவர்கள் வேறு ஆட்கள். அது ஏன் வாலை விரிக்கிறது, ஏன் விடியுமுன் பாடுகிறது, குஞ்சுக்கு இரை கொண்டுவருவது அப்பனா ஆத்தாளா என்று ஒரே இடத்தில் பிடித்துவைத்த பிள்ளையார் மாதிரி உட்கார்ந்து பார்ப்பவர்கள் நாங்கள். நான் பார்ப்பது குற்றாலத்துச் சீகாரப் பூங்குருவியை. பேர் தெரியாவிட்டாலும் குரல் உங்களுக்குத் தெரிந்திருக்கும். அருவிப் பக்கம் விடியற்காலையில், வேலைவெட்டி இல்லாத எவனோ மறந்துபோன சினிமாப் பாட்டைத் தேடித் தேடி விசிலடிப்பது போலக் கேட்குமே, அதுதான். எங்கள் பக்கத்தில் விசில் குருவி என்றால்தான் புரியும். கன்னங்கரிய உடம்பு, நெற்றியிலும் தோளிலும் மட்டும் பளீரென்று நீலம். சீசன் கூட்டத்தின் சத்தம் அதன் பாட்டை என்ன செய்கிறது என்பது என் ஆய்வு. கூட ஒலிப்பதிவுக்கு சுலைமான். தென்காசிக்காரன், என்னைவிட இளையவன், காது கூர்மை. ஆய்வுத் திட்டத்துக்குப் பணம் வருகிறவரைதான் இரண்டு பேருக்கும் வேலை.

இந்த மாதிரி ஒரு வேலையை வைத்துக்கொண்டு, கல்யாண வீட்டுப் பந்தியில் பக்கத்து இலைக்காரருக்கு விளக்கம் சொல்லியே சோறு ஆறிப்போனவர்கள் உங்களில் சிலர் இருப்பீர்கள். உங்களுக்காகத்தான் எழுதுகிறேன். மற்றவர்களுக்கு எப்படியும் புரியப் போவதில்லை.

கோழி வைத்தியம்

மேலகரத்தில் எங்கள் பக்கத்து வீட்டு வள்ளி அக்கா தையல்காரி. ஒருநாள் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து கூப்பிட்டாள். "ஏட்டி கோமதி, நீ பறவைப் படிப்புதான படிச்சிருக்க? எங்கோழி இடுத முட்டைய அதுவே கொத்திக் குடிக்கி. என்னன்னு வந்து பாரு."

எங்கள் தெருவில் என் படிப்பைத் தேடி வந்த முதல் அழைப்பு அது. செருப்பைக்கூடப் போடாமல் ஓடினேன். துவைகல் ஓரத்தில் கோழி ஒன்றும் தெரியாத மாதிரி நின்றுகொண்டிருந்தது. சுண்ணாம்புச் சத்து குறைவாக இருக்கலாம், முட்டையிட இருட்டான இடம் இல்லாததால் இருக்கலாம், ஒருதடவை ருசி கண்டுவிட்டால் அதுவே பழக்கமாகியும் விடலாம் என்று விளக்கினேன். கொஞ்ச நாள் கவனித்துப் பார்த்தால்தான் உறுதியாகச் சொல்லமுடியும் என்றேன். அக்கா தையல் மெஷினை மிதித்துக்கொண்டே எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள்.

மறுநாள் மத்தியானம் அந்த வீட்டிலிருந்து குழம்பு வாசம். எனக்கும் ஒரு கிண்ணத்தில் வந்தது. கொண்டுவந்து நீட்டும்போது அக்கா சொன்னாள்: "நீ பாத்துக்கிட்டேதான் இருப்பன்னு தெரியும். அதான் நானே ஒரு முடிவு எடுத்துட்டேன்."

நம்புகிற மாதிரி

நல்ல தண்ணீர் விழுந்த ஒரு வருஷத்துச் சீசனில் ஒருநாள், பெண்கள் குளிக்கிற பக்கத்துக்கு மேலே பாறை இடுக்கில் குருவி பாடிக்கொண்டிருந்தது. மைக்கை உயர்த்திப் பிடித்துக் கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தேன். காற்றுச் சத்தம் விழாமலிருக்க எங்கள் மைக்குக்கு ஒரு முடிச்சட்டை போட்டிருப்போம். பார்க்கச் செத்த பூனை மாதிரி இருக்கும். கீழேயிருந்து ஒரு அம்மாள், "ஏய், இங்கன ஒருத்தி நம்மளப் படம் எடுக்கா!" என்று கூச்சல் போட்டாள். அவ்வளவுதான். ஈரத் துணியோடு நாலைந்து பேர் என் கையைப் பிடித்து இழுத்துப் போலீசிடம் ஒப்படைத்தார்கள். ஆண்கள் வரக்கூடாத இடம் என்பதால் சுலைமான் தள்ளி நின்றான். நான் போலீஸ்காரர்களோடு நடந்து வந்தபோது, எனக்கும் அவனுக்கும் சம்பந்தமே இல்லாததுபோல பஜ்ஜி தின்றுகொண்டிருந்தான்.

புறக்காவல் கொட்டகையில் அடையாள அட்டையைக் காட்டினேன். கேமராவே இல்லை என்று பையைக் கவிழ்த்துக் காட்டினேன். பெண் போலீஸ் ஒருவர் காதில் ஹெட்போனை மாட்டிப் பதிவைக் கேட்கவைத்தேன். அருவி இரைச்சல், எண்ணெய் மசாஜ்காரர் கூவல், தொலைந்துபோன பிள்ளையின் அறிவிப்பு. இதற்கு நடுவே நூல் மாதிரி ஒரு விசில். "கேக்குதா? இந்தா, இப்ப," என்று கருவியின் திரையைப் பார்த்து ஒவ்வொரு தடவையும் விரலைத் தூக்கினேன். அவர் ரொம்ப நேரம் பொறுமையாகக் கேட்டார். பிறகு ஹெட்போனைக் கழற்றி என் கையில் கொடுத்துவிட்டுச் சொன்னார்: "படிச்ச பிள்ளையா இருக்க, நம்புத மாதிரி ஒரு பொய் சொல்லக்கூடாதா?"

பிரசவ அறை

ஐந்தருவிச் சாலையில் முருகையா அண்ணாச்சி ஒரு லாட்ஜ் வைத்திருக்கிறார். பின்பக்கம் ஓடை. ஓடைச் சுவரில், தண்ணீர்த் தொட்டிக்குக் கீழே நீட்டிக்கொண்டிருக்கும் கல்லில் ஒரு ஜோடி கூடு கட்டியது. வேரும் பாசியும் சேறும் சேர்த்துப் பிசைந்த கூடு. அங்கே உட்கார்ந்து பார்க்க அனுமதி கேட்கப் போனபோது துரத்திவிடுவார் என்றுதான் நினைத்தேன். அவரோ எனக்கு ஒரு பிளாஸ்டிக் நாற்காலி போட்டுக் கொடுத்தார். தினமும் டீ அனுப்பினார். ரூம் குப்பையை ஓடைப்பக்கம் கொட்டக்கூடாதென்று வேலையாட்களுக்குக் கட்டளை போட்டார்.

முட்டை பொரிந்து மூன்று குஞ்சுகள். அன்று அவர் முகத்தைப் பார்க்கவேண்டுமே! பின்பக்க வராந்தாவில் சத்தமாகச் செல்போன் பேசிய ஒரு விருந்தாளியிடம் விரலை உதட்டில் வைத்துச் சொன்னார்: "மெதுவா பேசுங்க சார், உள்ள பிள்ளை பெத்தவ இருக்கா."

ஆட்டம்

லாட்ஜில் தங்கியவர்களில் யாரோ கூட்டைப் படம் பிடித்து இணையத்தில் விட்டுவிட்டார்கள். பீரங்கி மாதிரிக் கேமராக்களோடு ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். கோயம்புத்தூர்க்காரர் ஒருவர், நல்ல மரியாதையான மனிதர், பாறைமேல் செல்போனை வைத்து விசில் குருவியின் பாட்டை ஓடவிட்டார். உடனே ஆண்குருவி வந்து இறங்கியது. இறகைச் சிலிர்த்து, வாலை விசிறி மாதிரி விரித்து விரித்து மடக்கி, போனைச் சுற்றிச் சுற்றி ஓடியது. எல்லோரும் "டான்ஸ் ஆடுது, டான்ஸ் ஆடுது" என்றார்கள். கேமராக்கள் படபடவென்று அடித்தன.

என்னால் சும்மா இருக்க முடியவில்லை. "அது ஆடலைங்க, ஆத்திரத்துல இருக்கு. தன் எல்லைக்குள்ள வேற ஆண்குருவி வந்துட்டதா நினைக்கு. நீங்க பாட்டைப் போடப் போட அது குஞ்சை விட்டுட்டு இல்லாத எதிரியத் தேடி ஓடிக்கிட்டிருக்கும். இரை கொண்டு போகாது" என்றேன். அவர் கேமராவிலிருந்து கண்ணை எடுத்து, நான் சொன்னதை முழுக்கக் கேட்டார். அவருக்குப் புரிந்தது என்று சத்தியமாகச் சொல்லுவேன். மறுபடி கண்ணைக் கேமராவில் வைத்தார். "கோவத்துலகூட என்ன அழகா இருக்குதுங்க பாருங்க மேடம்!"

அண்ணாச்சியின் கேள்வி

அண்ணாச்சியிடம் போய் முறையிட்டேன். ஒரு வாரம் பின்கேட்டைப் பூட்டிவைத்தார். ஆனால் அந்த வருஷம் சாரல் ஏமாற்றிவிட்டது. அருவியில் ஈரம் கசிந்ததே தவிர விழவில்லை. வந்த வண்டிகள் அப்படியே திரும்பிப் போயின. லாட்ஜில் ஒரு மாடி முழுக்கப் பூட்டிக் கிடந்தது. இரண்டாவது வாரம் பின்கேட் திறந்தது. வாசலில் ஒரு போர்டும் முளைத்தது: "இங்கு விசில் குருவியை அருகில் காணலாம்."

"அண்ணாச்சி, நீங்களே இப்படிச் செய்யலாமா?" என்று கேட்டேன். அவர் கோபப்படவில்லை. என் நாற்காலிக்கு எதிரே ஒரு ஸ்டூலை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். "அருவில தண்ணி விழுந்தா நான் ஏம்மா குருவியக் காட்டி ஆள் புடிக்கேன்?" என்றார். போன் பாட்டுப் போடுவதையாவது தடுங்கள் என்றேன். பார்த்துவிட்டு மட்டும் போகட்டும் என்றேன். அவர் திருப்பி ஒரு கேள்வி கேட்டார். "நீயுந்தான் விடிஞ்சதுலேருந்து அதையே பாத்துக்கிட்டு இருக்க. நீ பாத்தா படிப்பு, அவுக பாத்தா பாவமா?"

சுலைமான் விமானம் ஏறினான்

இந்த நேரத்தில்தான் சுலைமானுக்கு விசா வந்தது. அவன் வாப்பா, அவன் காக்கா என்று கூப்பிடுகிற அண்ணன், மச்சான் எல்லோரும் வளைகுடாவில் இருந்தவர்கள், இருக்கிறவர்கள். "குருவி பின்னால சுத்தினது போதும்லே" என்று வீட்டில் முடிவு செய்துவிட்டார்கள். கிளம்புகிற அன்று கருவிகளைத் துடைத்து, முடிச்சட்டையைச் சீப்பால் வாரிக்கூட என்னிடம் ஒப்படைத்தான். அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை, நானும் பார்க்கவில்லை.

போய் ஒரு மாதம் கழித்து அழைத்தான். என்ன வேலை என்று கேட்டேன். பெரிய பெரிய கட்டடங்களில் புறா வந்து உட்காராமல் செய்கிற கம்பெனியாம். புறா எந்த நேரத்தில் வரும், எந்த விளிம்பைத் தேர்ந்தெடுக்கும், எதற்குப் பயப்படும் என்று பார்த்துச் சொன்னால் அந்த இடத்தில் முள்கம்பி அடிப்பார்களாம். நேர்முகத்தில் நம் ஆய்வைப் பற்றிச் சொன்னதும் மேனேஜர் எழுந்து கைகொடுத்தாராம். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவனுக்கும் வரவில்லை போல. அவனே சொன்னான்: "அக்கா, குருவியப் புரிஞ்சுக்கிடதுக்கு அங்கன யாரும் மதிக்கல, விரட்டதுக்கு இங்கன ரூம், டிக்கெட், சாப்பாடு எல்லாம் தாராங்க."

சனிக்கிழமை

சுலைமான் கிளம்பிப் போன அதே வாரம், தொடர்ந்து விடுமுறை வந்த ஒரு சனிக்கிழமை. குஞ்சுகளுக்கு இறகு முளைத்து, கூட்டின் விளிம்பில் வாயைப் பிளந்து எட்டிப் பார்க்கிற பருவம். நான் ஓடையின் இந்தக் கரையில் தனியாக மைக்கோடு உட்கார்ந்திருந்தேன். எதிர்க்கரையில் கூட்டம். ஆண்குருவி ஒரு நண்டைப் பிடித்துக் கல்லில் அடித்து உடைத்துக்கொண்டிருந்தது. குஞ்சுகளுக்கு அன்றைக்கு முதல் இரை. அப்போது ஒரு போன் பாடியது. இன்னொருவர், குருவியைத் தன் பக்கம் இழுக்க, இன்னொரு போனைப் போட்டார். மாடியிலிருந்து மூன்றாவது.

மூன்று பக்கம் மூன்று எதிரிகள். நண்டைக் கீழே போட்டுவிட்டு அது அங்கும் இங்குமாகப் பாய்ந்தது. கூட்டருகே நின்ற பெண்குருவியும் கத்திக்கொண்டே துணைக்குப் போனது. லாட்ஜின் எச்சில் இலைக்குப் பழகிய காக்கை ஒன்று தொட்டிமேல் உட்கார்ந்திருந்தது. அது மெதுவாக இறங்கியது. ஒரு குஞ்சைத் தூக்கிக்கொண்டு போய் வைத்துவிட்டுத் திரும்பி வந்தது. நான் செருப்பைக் கழற்றி வீசினேன். "பாட்டை நிறுத்துங்க! அங்க பாருங்க, நிறுத்துங்க!" என்று தொண்டை கிழியக் கத்திக்கொண்டு தண்ணீருக்குள் இறங்கினேன். எதிர்க்கரையில் ஒருவர் எரிச்சலோடு என்னைப் பார்த்து, "ஷ்ஷ்... பறந்துரப் போகுது" என்று சைகை காட்டினார். பாசியில் வழுக்கி விழுந்து எழுந்து சுவரடிக்குப் போனபோது கூட்டில் ஒன்றும் இல்லை. கையை விட்டுத் தடவிப் பார்த்தேன். சூடு மட்டும் இருந்தது.

மறுநாள் விடியற்காலை போனேன். ஆண்குருவி தொட்டிமேல் உட்கார்ந்து பாடிக்கொண்டிருந்தது. அதுவரை நான் கேட்டதிலேயே நீளமான பாட்டு. கூட்டைப் பறிகொடுத்த குருவி அப்படித்தான் பாடும். இருக்கிற கொஞ்ச காலத்துக்குள் மறுபடி குடும்பத்தைத் தொடங்கியாக வேண்டும். மாடி பால்கனியில் காப்பி குடித்துக்கொண்டிருந்த ஒரு அம்மாள் தன் வீட்டுக்காரரைத் தட்டி எழுப்பினாள். "ஏங்க, வந்து கேளுங்க. இன்னைக்கு எவ்வளவு சந்தோஷமா பாடுது!"

வெட்டவேண்டிய இடம்

அந்தச் சனிக்கிழமைப் பதிவை அப்படியே என் பேராசிரியருக்கு அனுப்பினேன். அவர் திருநெல்வேலியில் இருக்கிறார். குற்றாலத்துக்கு அருவியில் குளிக்க மட்டும் வருவார். கெட்டவர் இல்லை. ஒரு இடத்தில் மூன்று பொய்ப்பாட்டு ஒலித்தால் உண்மையான குருவி தன் குரலை எப்படி மாற்றிக்கொள்கிறது என்று இவ்வளவு தெளிவாக எங்கும் கேட்டதில்லை என்று போனில் குதூகலித்தார். என் ஆய்வேட்டுக்கு இதுவே முதுகெலும்பு என்றார். குஞ்சுகள் போய்விட்டன சார் என்றேன். "ம்ம், மனித இடையூறுன்னு போட்டுரு" என்றார்.

அண்ணாச்சி அந்தப் போர்டைக் கழற்றிவிட்டதையும், எனக்குப் போட்ட நாற்காலியை மட்டும் எடுக்காமல் விட்டுவைத்திருப்பதையும் அவரிடம் சொல்லலாம் என்று வாயெடுத்தேன். அதற்குள் அவருக்கு வேறொன்று ஞாபகம் வந்துவிட்டது. "பாட்டு பிரமாதம்மா. நடுவுல எவளோ ஒருத்தி கிடந்து கத்துதா பாரு, அந்த இடத்த மட்டும் வெட்டிரு."

வெட்டிவிட்டேன். இந்தத் தொழிலில் பறவையைப் புரிந்துகொள்ளப் பொறுமை இருந்தால் போதும், புரிந்ததை இன்னொருவருக்குச் சொல்லிப் பலிக்கவைக்கத்தான் ஒரு ஆயுள் போதாது போலிருக்கிறது.