அம்மன் தாலிக்கு வந்த ரிசீவர்

ஜொகூரின் லாயாங் லாயாங் ரயில் நிலையத்தில் கணக்கெழுதும் கிராணியாக இருந்து ஓய்வுபெற்ற கேப்ரியல், ஞாயிறு தவறாமல் மாதா கோயில் பூசைக்குப் போகும் வேதக்காரர். 1934இல் அவரைத்தான் கோர்ட் அந்த ஊர் மாரியம்மன் கோயிலுக்கு ரிசீவராகப் போட்டது. கங்காணி லெட்சுமணனும் மளிகைக்கடைச் செல்லப்பனும் கோயில் நிர்வாகத்துக்காக வழக்காடிக்கொண்டிருந்தார்கள். தீர்ப்பு வரும்வரை கோயில் சொத்தைப் பார்த்துக்கொள்ள இரண்டு கட்சியிலும் சேராத ஆள் வேண்டும். அப்படி ஓர் இந்து அந்த ஊரில் மருந்துக்கும் இல்லை.

மனுஷர் தங்கமானவர். ஆனால் ஒழுங்கு என்று வந்துவிட்டால் பிடித்த பிடியை விடமாட்டார். நகைகள் அனைத்தையும் கோர்ட் காவலில் ஒப்படைக்கும்படி உத்தரவு வந்திருந்தது. அனைத்தும் என்றால் அனைத்தும்தானே. காசுமாலை, ஒட்டியாணம், மூக்குத்தி என்று ஒவ்வொன்றாகக் கழற்றும்படி கோயில் பூசாரியான பண்டாரத்திடம் சொன்னார். அம்மன் கழுத்தருகே பண்டாரத்தின் கை தயங்கியது. "அதையும்தான்" என்றார் கேப்ரியல். கோர்ட் என்றாலே குலை நடுங்கும் பண்டாரம் கண்ணை மூடிக்கொண்டு கழற்றிக் கொடுத்தார்.

ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்டிப் பால் சேகரிக்கும் பேச்சியம்மாள் இரண்டொரு நாளில் கோயிலுக்கு வந்தாள். புருஷன் போன பிறகு தனியாளாக வளர்த்த மகள் புஷ்பவள்ளிக்கு ஆவணியில் அங்கேதான் கல்யாணம். அம்மனைப் பார்த்தாள். கும்பிடக்கூட இல்லை, நேரே கேப்ரியல் வீட்டுக்கு வந்துவிட்டாள்.

"ஐயா, அம்மன் தாலிய கழட்டிட்டீங்களே."

"பத்திரமா கோர்ட்ல இருக்கும்மா. ஒண்ணும் ஆவாது."

"எங்க வீட்டுக்காரரு போனப்ப என் கழுத்துல இருந்ததையும் கழட்டினாங்க. அதுவும் பத்திரமாத்தான் பொட்டியில கிடக்கு." அவள் குரலை உயர்த்தவில்லை. "அம்மனே வெறுங்கழுத்தா நிக்கிறப்ப, அது முன்னால என் பொண்ணுக்கு எப்படிங்க தாலி கட்டுறது? கல்யாணம் வேணாம்னு சொல்லி அனுப்பப்போறேன்."

உள்ளேயிருந்து வந்த கேப்ரியலின் மனைவி கெர்ட்ரூட், சிலுவை பொறித்த தன் தாலியைக் கையில் பிடித்துக்கொண்டு சொன்னாள்: "இதையும் கோர்ட்ல குடுத்துருங்களேன். பத்திரமா இருக்கும்."

அவள் அப்படிப் பேசி அவர் கேட்டதே இல்லை. பாவம், ஆடிப்போய்விட்டார். "யாருக்கும் ஒண்ணும் சொல்லி அனுப்பாதீங்கம்மா. நான் போயிட்டு வந்துடுறேன்" என்றார்.

அடுத்த ரயிலில் கோர்ட் இருக்கும் ஜொகூர் பாரு. வழக்கிலிருக்கும் நகையை எப்படி விடுவது என்று கேட்டார் நீதிபதியான வெள்ளைக்காரத் துரை. உத்தியோக காலம் முழுக்க வெள்ளைக்காரர் முன்னால் தலையாட்டியே பழகிய கேப்ரியல் அன்று நிமிர்ந்து நின்றார். "தாலியையும் நகை என்று சேர்த்தது என் தப்பு, சார். என் மனைவி பிரசவத்தில்கூடத் தன் தாலியைக் கழற்றியதில்லை. கழற்றினால் நான் செத்துவிட்டேன் என்று அர்த்தம்."

துரை, தொலைந்தால் ரிசீவரே பொறுப்பு என்று எழுதி வாங்கிக்கொண்டு தாலியைக் கொடுத்தார். புது மஞ்சள் கயிற்றில் கோத்துப் பண்டாரம் அதை அம்மனுக்குக் கட்டியபோது, தோட்டத்துப் பெண்கள் போட்ட குலவையில் கேப்ரியலுக்குக் கண் கலங்கிவிட்டது.

கல்யாண நாளும் வந்தது. தாலித் தட்டைப் பெரியவர்கள் தொட்டு ஆசீர்வதிக்க வேண்டும். லெட்சுமணனும் செல்லப்பனும் முன்வரிசையில் கழுத்தை நீட்டிக்கொண்டிருந்தார்கள். பண்டாரம் இருவரையும் தாண்டிப்போய்க் கடைசியில் நின்ற கேப்ரியலிடம் தட்டை நீட்டினார். "பேச்சியம்மா சொல்லிச்சுங்க. மொதல்ல நீங்கதான் தொடணுமாம்."

"அந்தம்மா எங்க?"

பண்டாரம் கண்ணால் காட்டினார். தாலியறுத்தவள் மணவறைப் பக்கம் வரக்கூடாதென்று பேச்சியம்மாள் தூணுக்குப் பின்னால் ஒதுங்கி நின்றாள். கேப்ரியல் தட்டை வாங்கிக்கொண்டு அவளிடம் போனார்.

"நான் தொடக்கூடாதுங்கய்யா" என்று பின்வாங்கினாள் அவள். முன்வரிசையில் கங்காணி கனைத்தார். மளிகைக்கடைக்காரர் எழுந்தேவிட்டார்.

கேப்ரியல் திரும்பிப் பார்த்தார். "தீர்ப்பு வர்ற வரைக்கும் இந்தக் கோயில்ல நான் சொல்றதுதான். யாருக்காவது ஆட்சேபனைன்னா கோர்ட்டுக்குப் போகலாம்."

வழக்காடி அலுத்த இருவரும் அடங்கிவிட்டார்கள். பேச்சியம்மாள் ரப்பர் பால் கறை ஏறிய விரல்களை முந்தானையில் துடைத்தாள், மறுபடியும் துடைத்தாள். பிறகு தன் மகளின் தாலியைத் தொட்டாள்.